அப்பாவின் பதிவேட்டை ப்ரெமெனில் இறக்கிய கதை

1

பெரிய யோசனைகளெல்லாம் ஆற்றங்கரையிலும் மலையுச்சியிலும்தான் தோன்றும் என்கிறார்கள். எனக்குத் தோன்றியது ப்ரெமென் நகரத்துச் சுங்க அலுவலகத்தில், கையில் அட்டைப்பெட்டி அறுக்கும் கத்தியோடு நின்றபோது. கத்தியைக் கொடுத்ததும் அலுவலரேதான். ஊரிலிருந்து பார்சல் வந்தால் ஜெர்மனியில் சில சமயம் வீட்டுக்கு வராது. ஒரு கடிதம்தான் வரும். டிராம் போய் முடிகிற இடத்துக்குப் போய், டோக்கன் எடுத்து, உட்கார்ந்து, எழுந்து, அலுவலர் கண்முன்னால் நம் பெட்டியை நாமே அறுத்துக் காட்ட வேண்டும். குற்றவாளியே தன் கையால் ஆதாரத்தை எடுத்துக் கொடுக்கும் முறை. சிக்கனமான தேசம்.

முதலில் நேந்திரங்காய் சிப்ஸ் வந்தது. பிறகு கருப்பட்டி. அலுவலர் கருப்பட்டியை முகர்ந்தார், மேசையில் தட்டினார், என்னைப் பார்த்தார். "இனிப்பு" என்றேன். நம்பவில்லை, ஆனால் விட்டுவிட்டார். அடுத்து வந்ததுதான் சிக்கல். நாஞ்சில் நாட்டுக் குளங்களைப் பற்றிய தடித்த புத்தகம் ஒன்று. அதற்கடியில் அதே புத்தகம் இன்னொன்று.

"ஒரே பொருள் இரண்டு. விற்பனைக்கா?"

ப்ரெமெனில் நாஞ்சில் நாட்டுக் குளங்களுக்கு அப்படி என்ன கிராக்கி என்று கேட்க ஆசைதான். என் ஜெர்மன் அந்த அளவுக்குக் கிண்டல் தாங்காது. 'அப்பாவிடமிருந்து வருவிக்கிறேன்' என்று சொல்ல நினைத்து, பதற்றத்தில் நடுவிலிருந்த ஒரு குட்டிச் சொல்லை விழுங்கியதில், "நான் என் அப்பாவை இறக்குமதி செய்கிறேன்" என்று சொல்லிவைத்தேன்.

அவர் முகத்தில் ஒரு கோடுகூட அசையவில்லை. "அது இந்த அலுவலகம் இல்லை. வெளிநாட்டினர் துறை. திங்களும் வியாழனும் மட்டும்."

மூச்சு விட்டுக்கொண்டு முதலிலிருந்து விளக்கினேன். ஒன்று எனக்கு, இன்னொன்று என்னோடு தங்கியிருக்கும் கூட்டாளிக்கு என்று அப்பா அனுப்பியிருக்கிறார். என் கூட்டாளிக்குத் தமிழ் தெரியாது என்று அப்பாவுக்குத் தெரியாது. என்னிடம் ஏற்கெனவே ஒரு பிரதி இருப்பதும் அவருக்குத் தெரியாது. அவரிடம் என்ன இருக்கிறது என்று எனக்கும் தெரியாது. அலுவலர் கத்தியைத் திரும்ப வாங்கிக்கொண்டே சொன்னார்: "அப்படியானால் ஒரு பட்டியல் போடுங்கள். இரண்டு வீட்டுக்கும் சேர்த்து, ஒரே பட்டியல்."

அவ்வளவுதான். டிராமில் திரும்பும்போது மடியில் மூன்று கிலோ குளங்கள், தலைக்குள் பூதப்பாண்டியும் ப்ரெமெனும் இணைந்த மகத்தான புத்தகப் பட்டியல். வேலையில் நாள் முழுக்கத் தரவுகளை ஓரிடத்திலிருந்து எடுத்து இன்னோரிடத்தில் கொட்டுகிறவன் நான். தொழிற்சாலைகளின் உதிரிப்பாகங்களைக் கொட்டத் தெரிந்தவனுக்கு அப்பாவின் புத்தகங்களைக் கொட்டத் தெரியாதா?

தெரிந்ததுதான் வினை.

2

அப்பா ஓய்வுபெற்ற சர்வேயர். தாலுகா முழுக்கச் சங்கிலி பிடித்து அளந்தவர். அளக்க நிலம் இல்லாமல் போனபிறகு புத்தகங்களை அளக்க ஆரம்பித்தார். பூதப்பாண்டியில் கோயிலுக்குப் பின்தெருவில் எங்கள் வீட்டு முன்னறை முழுக்க அலமாரிகள். ஆயிரத்துச் சொச்சம் புத்தகங்கள். யார் கேட்டாலும் கொடுப்பார். ஆனால் பதிவேட்டில் ஏறாமல் ஒரு தாள் வெளியே போகாது.

அந்தப் பதிவேடு, அரசு அலுவலகத்தில் இருக்குமே, சிவப்புத் துணி முதுகுள்ள நீளமான ரிஜிஸ்டர், அதேதான். வரிசை எண், நூல், ஆசிரியர், யாரிடம், போன தேதி, வந்த தேதி, கடைசியில் 'குறிப்பு'. இந்தக் குறிப்புக் கட்டத்தில் அப்பா எப்போதும் இரண்டு வரிதான் எழுதுவார். மேல்வரி, அவர் கண்டது. கீழ்வரி, அதன்மேல் உத்தரவு. முப்பத்தைந்து வருடம் கோப்புகளில் அப்படித்தான் எழுதியிருக்கிறார். கை வேறு மாதிரி எழுத மறுக்கிறது. இந்தக் கீழ்வரி சமாச்சாரமெல்லாம் எனக்கு அப்போது தெரியாது. ரிஜிஸ்டரை நான் ஒருநாளும் திறந்து பார்த்ததில்லை. இப்போது தெரிந்து எழுதுகிறேன்.

அப்பாவின் வாடிக்கையாளர்களில் முக்கியமானவர் ஞானமுத்து மாமா, அப்பாவின் பழைய சிநேகிதர். பள்ளிக்கூடத்தில் டிரில் மாஸ்டராக இருந்து ஓய்வு பெற்றவர். வடசேரியில் வீடு. நான் விமானம் ஏறிய சில மாதங்களில் அவர் சனிக்கிழமை தோறும் வர ஆரம்பித்தாராம். நாலு மணி பஸ்ஸில் வந்து இறங்குவார். போன வாரப் புத்தகத்தை ஜவுளிக்கடை கவரிலிருந்து எடுத்து வைப்பார். சாயா குடிப்பார். ஏழு மணி பஸ்ஸில் அடுத்த புத்தகத்தோடு போவார். நான் சனிக்கிழமை போன் பண்ணினால் பின்னணியில் அவர் குரல்தான் முன்னணியில் கேட்கும். மைதானத்துக் குரல்.

"சர்வேயரே, மகன்ட்ட சொல்லும், அங்க பனியில ஓடப்பிடாது, முட்டு போயிரும்னு."

"நீரு மொதல்ல புத்தகத்த எடும் வேய். மூணாம் பக்கத்துல அந்தத் தாசில்தார் என்ன சொன்னான்?"

"அவனா? அவன் கள்ளன்லா!"

"கொள்ளாம். வாசிச்சிருக்கேரு."

இப்படிப் போகும். எனக்குப் பேச இரண்டு நிமிடம் கிடைத்தால் பெரிது.

ரிஜிஸ்டரைக் கணினியில் ஏற்ற வேண்டும் என்று சொன்னதும் அப்பா சந்தேகப்பட்டார்.

"எதுக்குலே? இதுல எல்லாம் இருக்கே."

"எனக்குத் தெரியாண்டாமா, அங்க என்ன இருக்குன்னு?"

"கேட்டா சொல்ல மாட்டனா?"

"அந்த நேரத்துல நீங்க டிரில் மாஸ்டர்கிட்டப் பேசிட்டு இருப்பியோ."

அம்மா பின்னாலிருந்து சிரித்தது கேட்டது. அப்பா ஒத்துக்கொண்டார்.

அடித்துக் கொடுத்தது ஷீபாக்கா. தெருமுனையில் டி.டி.பி. கடை வைத்திருக்கிறார். தாலுகாவில் பாதிக் கல்யாணப் பத்திரிகைகள் அவர் விரல் வழியாக வந்தவை. முகூர்த்தமில்லாத மாதம் வரட்டும் என்று காத்திருந்து, ரிஜிஸ்டர் வெளியே போகாது என்பதால் எங்கள் முன்னறையிலேயே லேப்டாப்போடு உட்கார்ந்து, மூன்று வாரத்தில் முழு ரிஜிஸ்டரையும் அடித்து எனக்கு மின்னஞ்சலில் அனுப்பினார். "ஒரு புள்ளி மாறல்ல மக்கா. ரிஜிஸ்டர்ல எப்படி இருக்கோ அப்படியே, வரிக்கு வரி" என்று பெருமையாகச் சொன்னார். இந்த 'வரிக்கு வரி'யை வாசகர்கள் கொஞ்சம் நினைவில் வைத்திருக்கவும். நான் வைத்திருக்கவில்லை.

3

கோப்பைத் திறந்தால் தமிழ் இல்லை. ஐரோப்பிய எழுத்துகள், தலையில் தொப்பியும் கொம்பும் மீசையுமாக, ஆயிரம் வரி. கல்யாணப் பத்திரிகைக்கென்றே பிறந்த ஏதோ பழைய எழுத்துருவில் அடித்திருக்கிறார். அந்த எழுத்துரு ஷீபாக்கா கடையிலும் சிவகாசியில் இன்னும் இரண்டு அச்சகத்திலும் மட்டும் தமிழாகத் தெரியும். உலகின் மற்ற பகுதிகளில் அது நார்வேக்காரன் தும்மியதுபோல் இருக்கும். ஒவ்வொரு தும்மலுக்கும் எந்தத் தமிழெழுத்து என்று பட்டியல் போட்டு, ஒரு சின்ன நிரல் எழுதி, ஒருங்குறிக்கு மாற்றினேன். இரண்டு வார மதியச் சாப்பாட்டு இடைவேளை அதில் போயிற்று. அலுவலகத்தில் என் பக்கத்து இருக்கைக்காரன் எட்டிப் பார்த்து, "புதிய வாடிக்கையாளரா?" என்றான். "பழையவர்" என்றேன்.

அடுத்து, சொந்த நூலகங்களைப் பட்டியலிட உதவும் ஒரு இணையதளம். பெயர் எதற்கு, தவறு அவர்களுடையது இல்லை. அங்கே கோப்பை இறக்கப் போனால் முதல் கேள்வி, சர்வதேசப் புத்தக எண் எங்கே? அப்பாவின் புத்தகங்களில் முக்கால்வாசி அந்த எண் பிறப்பதற்கு முன்பே பிறந்தவை. எண் இல்லை என்றால், 'இது உண்மையிலேயே புத்தகம்தானா?' என்று ஒரு மஞ்சள் பெட்டி கேட்டது. ஆயிரம் தடவை ஆம் என்றேன். இரண்டாம் கேள்வி, ஆசிரியரின் குடும்பப் பெயர் எது? நம்மவர்களுக்குக் குடும்பப் பெயர் ஏது, இனிஷியல்தான். தளம் அதையே குடும்பப் பெயராக எடுத்துக்கொண்டு, தமிழ்நாட்டு எழுத்தாளர்களை எல்லாம் 'எஸ்' குடும்பம், 'கே' குடும்பம் என்று பங்காளிகளாக்கிவிட்டது. விட்டுவிட்டேன். எத்தனை பகை தீர்ந்ததோ.

மூன்றாவதாக, 'குறிப்பு' என்ற கட்டத்தை எங்கே கொட்டுவது? தளத்தில் இரண்டு இடம் இருந்தது. 'சொந்தக் குறிப்பு' ரகசியமானது, ஆனால் நூறு எழுத்துக்கு மேல் தாங்காது. 'விமர்சனம்' எவ்வளவும் தாங்கும், ஆனால் ஊருக்குத் தெரியும். அப்பா புத்தகங்களைப் பற்றித்தானே எழுதியிருப்பார் என்று நினைத்தேன். விமர்சனம் என்பதைத் தேர்ந்தெடுத்து, 'இறக்கு' பொத்தானை அமுக்கினேன்.

இறங்கியது. ஆனால் ஆயிரத்துச் சொச்சம் இருக்க வேண்டிய இடத்தில் கிட்டத்தட்ட இரட்டிப்பாக நின்றது. பார்த்தால், ஆசிரியர் பெயரே இல்லாத சில புத்தகங்களை அப்பா மூட்டைக் கணக்கில் வாங்கி வைத்திருக்கிறார். 'நினைவூட்டவும்' என்று ஒரு நூல், இருநூறு பிரதி. கவிதைத் தொகுப்பாக இருக்கும் என்று நினைத்தேன். 'பார்த்து வழங்கலாம்', ஐந்நூறுக்கு மேல். 'இனி வழங்க வேண்டாம்', நாற்பது. பிறகு 'தொடர்ந்து வழங்கலாம்' என்று ஒன்று, சரியாக நூற்றுப் பதினாலு பிரதி. ஏதோ ரேஷன் துறை வெளியீடுகள், ஓய்வு பெறும்போது அலுவலகத்தில் மிச்சமிருந்ததை இவர் தலையில் கட்டியிருப்பார்கள் என்று முடிவுகட்டினேன். குளத்தையே இரண்டு இரண்டாக அனுப்புகிறவர்தானே. இதைத் தீர்க்கத்தானே இத்தனை பாடு. மொத்தமாகத் தேர்ந்தெடுத்து, 'நீக்கு'. தளம், 'நிச்சயமாகவா?' என்று கேட்டது. உலகம் என்னிடம் அக்கறையாகக் கேட்ட ஒரே கேள்வி அதுதான். நிச்சயமாக என்றேன்.

பட்டியல் பளிச்சென்று ஆயிற்று. ஒரு வரியைக்கூட முழுசாக வாசித்துப் பார்க்காமல், சுட்டியை எங்கள் ஊர்ப் பையன்களின் இணையக் குழுவில் போட்டேன். 'பூதப்பாண்டியின் முதல் உலகளாவிய நூலகம்' என்று ஒரு தலைப்பும் கொடுத்தேன். அடக்கம்தான்.

4

முதல் இரண்டு நாள் புகழ். 'நெட்டில் பேர் வந்திருக்கு' என்று கேள்விப்பட்டு, புத்தகம் வாங்கியவர்கள் எல்லாம் ஷீபாக்கா கடைக்குத் தங்கள் பெயரைப் பார்க்கப் போயிருக்கிறார்கள். யாரிடம் என்ற கட்டமும் வெளியே தெரிந்துகொண்டிருந்ததை நான் கவனிக்கவில்லை. ஷீபாக்கா ஒவ்வொருவருக்கும் அவரவர் பெயர் வரும் பக்கத்தை அச்செடுத்தே கொடுத்திருக்கிறார். அவர்கள் அதை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போய், மனைவி மக்களைக் கூட்டி உட்காரவைத்து, உரக்க வாசித்தும் இருக்கிறார்கள். பெயருக்குக் கீழே விமர்சனம்.

'கொடுத்தது ஆனி. கேட்டது ஐப்பசி. எந்தப் புத்தகம் என்கிறார்.'

'அட்டையோடு போனது, அட்டையோடு வந்தது. ஆனால் வேறு புத்தகத்தின் அட்டை.' இது அஞ்சுகிராமத்து உரக்கடைக்காரர்.

'கடைசி இரண்டு பக்கம் இல்லை. முடிவு தெரியாதென அவரே என்னிடம் குறைப்படுகிறார்.'

மூன்றாம் நாள் புத்தகங்கள் திரும்ப ஆரம்பித்தன. ஆறு வருடம் வெளியே இருந்தவை, காணாமல் போனவை என்று அப்பா கைகழுவியவை, அப்பாவுடையதே அல்லாதவைகூட வந்தன. அஞ்சுகிராமத்து உரக்கடைக்காரர் இரண்டு பஸ் மாறி வந்து, சரியான அட்டையை வாசலில் வைத்துவிட்டு, உள்ளே வராமல் போனாராம். அம்மா போனில் சொன்னாள்: "வீடு நெறஞ்சு கெடக்கு மக்கா. கால் வைக்க எடமில்ல. ஒரு விசயம் கொள்ளாம், இனி எவனுக்கும் சாயா போடாண்டாம்."

எனக்கு உள்ளூரக் குஷி. பதறியடித்து விமர்சனங்களை மறைத்துவிட்டேன், மன்னிப்புக் கேட்டு ஒரு பதிவும் போட்டேன், அதெல்லாம் சரி. ஆனால் பட்டியலைப் பாருங்கள்! வெளியே இருந்த நாற்பத்துமூன்றில் நாற்பத்திரண்டு உள்ளே. எந்த நூலகத்துக்கு வாய்க்கும் இந்த விகிதம்?

நாற்பத்துமூன்றாவது, ஞானமுத்து மாமாவிடம் இருந்தது. அது அடுத்த சனிக்கிழமை வந்தது. நாலு மணி பஸ்ஸில்தான். ஜவுளிக்கடை கவரில்தான். கண்டக்டர் கையில்.

"மாஸ்டர் குடுக்கச் சொன்னாரு" என்று சொல்லி அப்பாவிடம் நீட்டிவிட்டு விசில் ஊதிப் போய்விட்டாராம். அப்பா ஸ்டாப்பில் நின்றிருக்கிறார். ஒவ்வொரு சனியும் நிற்பாராம். இதுவும் எனக்குத் தெரியாது. என் பட்டியலில் அதற்குக் கட்டமில்லை.

அடுத்த வாரம் அம்மாவின் குரல் மாறியிருந்தது. "பழக்க தோஷத்துல சனிக்கெழம சாயா மூணு போட்டுட்டேன். ஒண்ணக் கொட்டுனேன். அப்பா ரெண்டாவதையும் தொடல்ல."

"அப்பாகிட்ட குடு."

"பேச மாட்டாராம். புத்தகத்த அடுக்கிட்டு இருக்காரு. எல்லாம் அடுக்கியாச்சு மக்கா, பொறவும் அடுக்குதாரு. எனக்கு மனசெல்லாம் வெப்ராளமா இருக்கு."

வெளிநாட்டில் இருப்பவன் இப்படி ஏதாவது எழுதினால் அதில் பிள்ளைகள் கைநழுவிப் போவதைப் பற்றி ஒரு பத்தி வைத்தாக வேண்டும். எனக்குக் கல்யாணமே ஆகவில்லை. ஆனால் பத்தி வீணாகவில்லை. கைநழுவிப்போன பிள்ளை நான்தான். ஒரு அப்பாவின் சனிக்கிழமையைப் பற்றி ஒன்றுமே தெரியாமல், அவர் வீட்டிலிருக்கும் ஒவ்வொரு தாளையும் ப்ரெமெனில் உட்கார்ந்து எண்ணி வைத்திருக்கிறேன்.

5

மாமாவின் பக்கத்தில் அப்படி என்னதான் இருந்தது? மறைத்து வைத்திருந்ததைத் திறந்து, முதல்முறையாக வாசித்தேன்.

'நடுவில் பஸ் டிக்கெட், வடசேரி - பூதப்பாண்டி. பத்தாம் பக்கம்.'

அடுத்த புத்தகம். 'டிக்கெட், பத்தாம் பக்கம்.' அடுத்தது, 'பத்து.' அடுத்தது, 'பதினொன்று. பஸ் தாமதம் போலும்.' இப்படியே போய் ஒரு இடத்தில், 'வாசிப்பதில்லை. வருகைக்கு மட்டும்.'

நூற்றுப் பதினாலு புத்தகம். எண்ணிப் பார்த்தேன். எங்கேயோ பார்த்த எண்.

ஷீபாக்காவைக் கூப்பிட்டு, வீட்டுக்குப் போய் ரிஜிஸ்டரின் ஒரு பக்கத்தை ஸ்கேன் எடுத்து அனுப்பச் சொன்னேன். வந்தது. அப்பாவின் கையெழுத்து, நீல மை. 'வாசிப்பதில்லை. வருகைக்கு மட்டும்.' அதற்குக் கீழே, இரண்டாம் வரியில், 'தொடர்ந்து வழங்கலாம்.'

கணக்குப் பார்த்தால் நூற்றுப் பதினாலு இடத்திலும்.

"அக்கா, இந்தக் கீழ்வரி...?"

"அதையும் அடிச்சிருக்கேனே. கீழ்வரின்னா என்டர் தட்டிக் கீழ அடிக்கணும்லா? பத்திரிகையில வரி ஒடயிற எடத்துல ஒடைக்கல்லன்னா மாப்பிள்ளை வீட்டுக்காரன் சண்டைக்கு வருவான் மக்கா."

அவர் மேல் குற்றமே இல்லை. அவர் என்டர் தட்டிய இடமெல்லாம் என் நிரலுக்கு ஒரு புதுப் புத்தகம். அப்பாவின் தீர்ப்பில் மேல்வரி விமர்சனமாயிற்று, கீழ்வரி ரேஷன் துறை வெளியீடாயிற்று. குற்றச்சாட்டை உலகத்துக்கு வெளியிட்டு, உத்தரவைக் குப்பையில் போட்டவன் நான். 'நிச்சயமாகவா?' என்று கேட்டபிறகும்.

மாமாவுக்குப் போன் போட்டேன்.

"மாமா, நான் சுதன். சர்வேயர் மகன்."

"சொல்லுங்க தம்பி."

பிறந்ததிலிருந்து 'ஏலே'தான். 'சொல்லுங்க தம்பி'யைக் கேட்டதும் நாற்காலியில் நேராக உட்கார்ந்தேன்.

"மாமா, தப்பு என் மேலதான். அப்பா ஒண்ணும்..."

"அவரு எழுதுனது பொய்யில்லையே. நான் வாசிக்கல்லதான். முப்பத்தாறு வருசம் பிள்ளைகள ஓட விட்டவனுக்கு உக்காந்து வாசிக்க எங்க பழக்கம்? பஸ்ஸுல ஏறுனதும் திறப்பேன். எறங்கதுக்குள்ள பத்து பக்கம். வடசேரியிலேர்ந்து பூதப்பாண்டிக்கு அவ்வளவுதான் தூரம். சமாளிச்சுட்டோம்னு ஒரு கெத்து இருந்துச்சு."

"மாமா..."

"இப்பல்லா வெளங்குது. ஒங்கப்பா கேக்க கேள்வியெல்லாம் அந்தப் பத்து பக்கத்துக்குள்ளதான் இருக்கும். பதினோராம் பக்கத்துலேர்ந்து ஒண்ணு கேட்டதில்ல. தெரிஞ்சேதான் கேட்டிருக்காரு. ரெண்டு வருசமா எனக்கு அவரு பரீச்ச வச்சுப் பாஸ் போட்டுட்டு இருந்திருக்காரு. எந்த மூஞ்சிய வச்சுட்டு வருதது?"

"அதுக்குக் கீழ இன்னொரு வரி இருக்கு மாமா. 'தொடர்ந்து வழங்கலாம்'னு."

ஒரு சின்னச் சிரிப்பு. "நல்ல பிள்ளை. இப்ப சேத்துச் சொல்லுதீய."

"சத்தியமா மாமா, ரிஜிஸ்டர்ல இருக்கு!"

"நெட்டுல இல்லையே தம்பி" என்றார். "ஷீபா எடுத்துத் தந்த தாளு எங்கிட்ட இருக்கு. அதுல இல்ல."

ஸ்கேனை அச்செடுத்து அனுப்புகிறேன் என்றேன். "இந்தக் காலத்துல நீங்க எத வேணும்னாலும் கம்ப்யூட்டர்ல சேத்துருவியோ" என்று வைத்துவிட்டார். தகவல் தொழில்நுட்பத்தின் மீது இத்தனை நம்பிக்கையையும் இத்தனை அவநம்பிக்கையையும் ஒரே மனிதரிடம் நான் பார்த்ததில்லை. இரண்டையும் ஊட்டியது நான்தான்.

6

ஆக, ஒரிஜினலைத்தான் காட்ட வேண்டும். இந்தத் தடவை அப்பாவே போனை எடுத்தார்.

"அப்பா, மாமாவுக்கு அந்தப் பக்கத்தக் கிழிச்சு அனுப்புங்க."

"ரிஜிஸ்டர்ல பக்கம் கிழிக்கதா? மூள இருக்காலே உனக்கு?"

"அப்போ முழு ரிஜிஸ்டரையும் குடுங்க. இரவல்தான, மத்த புத்தகம் மாதிரி."

"அது வெளிய போகுத சாமானில்ல. நூறு பேரு சங்கதி அதுல கெடக்கு."

"அதான் உலகத்துக்கே தெரிஞ்சாச்சே."

நீண்ட மூச்சு ஒன்று பூதப்பாண்டியிலிருந்து வந்தது. திட்டப்போகிறார் என்று போனைக் காதிலிருந்து தள்ளிப் பிடித்தேன். திட்டவில்லை.

"அன்னிக்குக் கண்டக்டர் கொண்டுவந்த புத்தகத்தயும் பதிஞ்சேன். 'டிக்கெட் இல்லை'ன்னு மேல எழுதுனேன். கீழ என்ன எழுதன்னு தெரியல்ல. அப்படியே கெடக்கு."

போனைத் திரும்பக் காதோடு சேர்த்தேன்.

"சரி, ரிஜிஸ்டர் வெளிய போகுதுன்னு வை" என்றார். குரலில் பழைய அலுவலகம் எட்டிப் பார்த்தது. "அத எதுல பதியது? ரிஜிஸ்டர்தான் கையில இருக்காதே."

"எங்கிட்டப் பதியுங்க. அதுக்குத்தான இவ்வளவு பெரிய பட்டியல்."

"உங்கிட்டயா? நீ அழிச்சுருவியே."

வாங்கிக்கொண்டேன். "ஷீபாக்காகிட்ட குடுங்க, கண்டக்டர் கையில குடுத்து விட்டுருவாங்க" என்றேன்.

"கண்டக்டர்ட்டயா! கேட்டியா, ரிஜிஸ்டர் கை மாறணும்னா பெற்றுக்கொண்டேன்னு கையெழுத்து வாங்கணும். ஆள நேர்ல பாத்து வாங்கணும். சட்டம் தெரியாம பேசாத."

"அப்போ யாரு போவா?"

அம்மா பின்னால் என்னவோ கேட்டாள். அப்பா அவளுக்குச் சொல்வதுபோல் எனக்குச் சொன்னார்: "என் வெள்ளச் சட்டைய எடுத்துத் தேச்சு வையி. சனிக்கெழம வடசேரிக்குப் போகணும்."

இன்று வியாழன். மாமா கதவைத் திறப்பாரா, திறந்தாலும் அந்த ரிஜிஸ்டரை வாங்கிப் பார்ப்பாரா, 'வாங்க சார்' என்று சொல்லி அப்பாவையும் தள்ளி நிறுத்துவாரா, தெரியாது. திறந்து வாசித்தால் பத்துப் பக்கம் போதும். அதற்குள்ளேயே அந்தக் கீழ்வரி பத்துப் பன்னிரண்டு இடத்தில் வந்துவிடும். வாங்கிவிட்டால் ஒருநாள் திருப்பித் தரத்தான் வேண்டும். கண்டக்டரிடம் கொடுத்துவிட முடியாது, சட்டம் இருக்கிறது.

ப்ரெமென் பட்டியலில் ஒரு புதுப் பதிவை இன்று மதியம் திறந்து வைத்திருக்கிறேன். கோப்பிலிருந்து இறக்கவில்லை, ஒவ்வொரு எழுத்தாகக் கையால் அடித்தேன். நூல், இரவல் பதிவேடு. ஆசிரியர், அப்பா. சர்வதேச எண், இல்லை. உண்மையிலேயே புத்தகம்தானா, ஆம். யாரிடம் என்ற கட்டத்தையும் போன தேதியையும் காலியாக விட்டிருக்கிறேன். கையெழுத்து வாங்கியாயிற்று என்று சனிக்கிழமை வடசேரியிலிருந்து போன் வந்தால்தான் நிரப்ப முடியும். குறிப்பு மட்டும் இப்போதே எழுதியாயிற்று. சொந்தக் குறிப்பில், என்டர் தட்டாமல், ஒரே வரியில்: தொடர்ந்து வழங்கலாம்.